வாசகர் கேட்கிறார்: ஊமைப்பட நாயகி லிலி பெர்கி

கேள்வி: ஹங்கேரியின் ஆரம்பகால நடிகை லிலி பெர்கியின் ஊமைப்படம் எதையாவது இன்று பார்க்க முடியுமா? (வாசகி, திருச்சி)

பதில்: முடியும். ‘தி அன்டிசையரபிள்’ என்று தேடுங்கள். ஹங்கேரியத் தலைப்பு ‘அ தொலொன்ட்ஸ்’. பிற்பாடு ‘காசபிளாங்கா’ எடுத்த மைக்கேல் கர்டிஸ், கெர்டேஸ் மிஹாய் என்ற பெயரில் 1914-ல் இயக்கியது. அழிந்துபோனதாகவே கருதப்பட்ட இந்தப் படத்தின் பிரதி, நியூயார்க்கின் ஹங்கேரியர் மன்றத்து நிலவறையில் 2008-ல் அகப்பட்டது. இத்தாலியின் பொலோன்யாவில் சீரமைத்தார்கள். லிஸ்கா என்ற வேலைக்காரப் பெண்ணாக லிலி. சிறையிலிருந்து திரும்பும் தாயாக, மேடையின் மாபெரும் சோக நடிகை மாரி யாசாய். இருவரும் சேரும் காட்சிகளைத் தவறவிடாதீர்கள்.

ஹங்கேரியில் குடும்பப் பெயர் முன்னால் வரும். ‘பெர்கி லிலி’ என்றும் தேடினால்தான் முழுப் பட்டியல் கிடைக்கும். படத்துக்கு 1914, 1915 என இரண்டு ஆண்டுகள் தென்பட்டாலும் படம் ஒன்றுதான்.

கேள்வி: பழைய படங்களில் எல்லோரும் ஓட்டமும் நடையுமாகத் திரிகிறார்களே, அப்படித்தான் நடித்தார்களா? (வாசகர், ஈரோடு)

பதில்: இல்லவே இல்லை. கையால் சுழற்றிய கேமரா நொடிக்கு ஏறக்குறைய 16 முதல் 18 சட்டங்களை (ஃபிரேம், அதாவது ஃபிலிமில் பதியும் தனித்தனிப் படங்களை) பதிவு செய்தது. பேசும்படத்துக்கான 24 சட்ட வேகத்தில் ஓட்டினால் நடை ஓட்டமாகிவிடும். 1,000 அடிச் சுருள் 18-ல் கிட்டத்தட்ட 15 நிமிடம் ஓடும். 24-ல் 11 நிமிடத்தில் முடிந்துவிடும். இணையத்தில் அப்படி ஓடும் பிரதி கிடைத்தால் வேகத்தை 0.75-க்குக் குறையுங்கள், 18 சட்டமாகிவிடும். ஆனால் நல்ல சீரமைப்புகளில் வேகத்தை ஏற்கெனவே சரிசெய்திருப்பார்கள்; அங்கே கைவைத்தால் நடிப்பு சவசவத்துப் போகும். தண்ணீர் ஊற்றுவது, படி இறங்குவது போன்ற காட்சிகளைப் பார்த்து முடிவு செய்யுங்கள்.

உதடு கறுத்தும் நீலக் கண் வெளிறியும் தெரிவது வேறு கதை. அன்றைய ஃபிலிம் நீல ஒளியை வாரி வாங்கும், சிவப்பை உணராது. சிவப்புச் சாயம் பூசிய உதடு கறுப்பாகவே பதியும். நடிகை மிகையாக ஒப்பனை செய்தார் என்று எழுதுபவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

கேள்வி: லிலியின் மற்ற படங்கள்? (வாசகர், நாகர்கோவில்)

பதில்: அன்று ஹங்கேரியில் இருந்த கொலோஜ்வார் நகர நாடக அரங்கின் இயக்குநர் யெனோ யனோவிச், தம் நடிகர்களை வைத்தே படமெடுத்தார். 1913-ல் பிரான்சின் பாத்தே நிறுவனத்துடன் சேர்ந்து தயாரித்த ‘மஞ்சள் குதிரைக்குட்டி’யில் லிலி நடித்தார், 1916-ல் இயக்குநர் அலெக்சாண்டர் கோர்டாவின் ‘வெண்ணிரவுகள்’. அக்கால ஹங்கேரியப் படங்களில் பத்தில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. அன்று பயன்பட்ட, எளிதில் சிதையும் நைட்ரேட் ஃபிலிம் முதலில் பிசுபிசுக்கும், பிறகு கட்டிதட்டும், கடைசியில் பழுப்புத் தூளாகும். முதல் உலகப்போருக்குப் பின் கொலோஜ்வார் ருமேனியாவிடம் போனது இன்னொரு அடி.

கேள்வி: ஊமைப்பட காலம் முடிந்தபின்?

பதில்: பேசும்படங்களில் அம்மா வேடங்கள் நிறையச் செய்தார். 1917-ல் மணந்த கணவர் ஜுலா கோசோனும் பெயர்பெற்ற நடிகர். லிலி 1958-ல் காலமானார். புடாபெஸ்டின் ராகோஷ்லிகெட் பகுதியில் அவர்கள் வாழ்ந்த வீடு, கோசோன் பெயரில் சிறு நாடக அரங்காகியிருக்கிறது.