மெஸ் செயலிக்கு எத்தனை சர்வீஸ்?

தம்பி, இறுதியாண்டு ப்ராஜெக்டாக ஹாஸ்டல் மெஸ் டோக்கன் செயலியை எட்டு மைக்ரோசர்வீஸாக, அதாவது தனித்தனியே ஓடும் எட்டு சிறு புரோகிராம்களாகச் செய்தால்தான் ரெஸ்யூம் எடுபடும் என்று எழுதியிருக்கிறீர்கள். இரண்டு போதும்.

நெட்ஃபிளிக்ஸே அப்படித்தானே என்கிறீர்கள். சரி, அவர்கள் ஏன் பிரித்தார்கள்? 2008 ஆகஸ்டில் டேட்டாபேஸ் பழுதாகி, மூன்று நாள் வாடிக்கையாளர்களுக்கு டிவிடி அனுப்ப முடியாமல் போனது. அதன்பின் செயலியைச் சிறு சர்வீஸ்களாகப் பிரித்தபடியே அமேசான் கிளவுடுக்கு (அமேசானின் வாடகை சர்வர்களுக்கு) மாறத் தொடங்கி, முடிக்க 2016 ஜனவரி ஆகிவிட்டது. எதிர்த்திசையில் போனவர்களும் உண்டு. அமேசான் பிரைம் வீடியோவில் ஒளிபரப்பின் தரத்தைக் கண்காணிக்கும் குழு, துண்டு துண்டாக இருந்ததை ஒரே செயலியாக்கியதில் செலவு 90 சதவீதத்துக்கு மேல் குறைந்ததாக 2023இல் சொன்னது.

உங்கள் செயலியை முதலில் ஒரே ஸ்பிரிங் பூட் (ஜாவாவில் சர்வர் எழுத உதவும் கட்டமைப்பு) ப்ராஜெக்டாக எழுதி ஓட விடுங்கள். அப்புறம் பணம் கட்டும் பகுதியை மட்டும் தனியே எடுங்கள். அதற்குத் தனி டேட்டாபேஸ் வேண்டும். இரண்டும் ஒரே டேபிளைத் தொட்டுக்கொண்டிருந்தால் பிரித்ததாகக் கணக்கில்லை.

உண்மையான வேலை இங்கேதான் தொடங்குகிறது. டோக்கன் பகுதி பணம் கேட்டு அனுப்புகிறது. குறித்த நேரத்துக்குள் பதில் வரவில்லை, அதாவது டைம்அவுட். பணம் போனதா, போகவில்லையா? மறுபடி அனுப்பினால் ஒரே சாப்பாட்டுக்கு இரண்டு முறை பணம் எடுக்கப்படலாம். ஆகவே ஒவ்வொரு கோரிக்கைக்கும் ஒரு தனி எண் கொடுத்து, அதே எண் திரும்ப வந்தால் பழைய பதிலையே அனுப்பும்படி எழுத வேண்டும். இதை யூடியூப் பார்த்துக் காப்பியடிக்காமல் நீங்களே எழுதுங்கள். எழுதிய பிறகு, பணப் பகுதியின் டாக்கர் கன்டெய்னரை (ஒரு புரோகிராமைத் தனியே அடைத்து ஓட்டும் பெட்டி) வேண்டுமென்றே நிறுத்துங்கள். இன்றைய மெனுவாவது திரையில் வருகிறதா? வராவிட்டால், பிரித்தும் பலனில்லை.

"ஏன் பிரித்தீர்கள்?" என்று இன்டர்வியூவில் கேட்டால், "ஸ்கேல் ஆகும்" (கூட்டம் கூடினாலும் தாங்கும்) என்று மட்டும் சொல்லாதீர்கள். முந்நூறு பேர் சாப்பிடும் மெஸ்ஸுக்கு என்ன ஸ்கேல்? மேலே சொன்ன டைம்அவுட் கதையைச் சொல்லுங்கள். பேச்சு தானாக நீளும்.

பல கன்டெய்னர்களை நிர்வகிக்கும் குபர்னெடிஸைக் கற்றுத்தரும் கோர்ஸுக்கு அப்பாவிடம் இப்போது பணம் கேட்க வேண்டாம். டாக்கர் உங்கள் லேப்டாப்பிலேயே இலவசமாக ஓடும். கேம்பஸில் முதலில் வடிகட்டுவது ஆப்டிட்யூடும் கோடிங்கும்தான். எஸ்க்யூஎல்லில் (டேட்டாபேஸிடம் கேள்வி கேட்கும் மொழி) ஜாயின் எழுத, அதாவது இரண்டு டேபிள்களை இணைத்துக் கேட்கத் தடுமாறுவதாக நீங்களே சொல்லியிருக்கிறீர்கள். இந்த மாதம் அதைச் சரிசெய்யுங்கள், பணப் பகுதியை அடுத்த மாதம் பிரிக்கலாம்.