சுயாதீனமும் மாமாவின் வத்தையும்

கேள்வி: ‘செங்கடல்’ படம் மாதிரி நம் கடற்கரைக்கு வந்து, தானே எழுதிப் படமெடுக்கும் சுயாதீன இயக்குனர்களுக்குத் தமிழில் எதிர்காலம் உண்டா?
- ஒரு வாசகர், தொண்டி

பதில்: முதலில், அது ‘இயக்குநர்’. ஓட்டுநருக்கும் நடத்துநருக்கும் தாராளமாகக் கொடுக்கிற ‘ந’வை இவருக்கு மட்டும் ஏன் மறுக்கிறீர்கள்? எத்தனை வருடமாகக் கத்துகிறேன். சரி, போகட்டும்.

என்னைப் பிடித்துக்கொண்டது உங்கள் ‘சுயாதீனம்’. தருமபுரம், திருவாவடுதுறை வரிசையில் இதுவும் ஓர் ஆதீனம் போல. மடாதிபதி, மடைப்பள்ளிக்காரர், வாசல் காவலர் எல்லாம் ஒரே ஆள். பட்டினப் பிரவேசமும் உண்டு; பல்லக்குத் தூக்கத்தான் ஆளில்லை.

உண்மையில் இது பராதீனம். பத்திரம் எழுதுகிறவர்களுக்குத் தெரிந்த சொல்தான், சொத்து அடுத்தவர் கைக்குப் போவது. இந்தப் படங்களும் அடுத்தவர் கையை நம்பித்தான். மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாமின் ‘அம்ம அறியான்’ (1986), ஒடேசா என்ற அவருடைய திரைப்படக் குழு ஊர் ஊராகப் போய் வசூலித்த காசில் வந்தது. லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ தனுஷ்கோடி மீனவர்களையும் அகதிகளையும் நம்பி எடுத்தது. தணிக்கை வாரியம் சான்றிதழ் மறுக்க, 2011இல் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் வெட்டில்லாமல் விட்டது. அந்தத் தீர்ப்பாயத்தையே 2021இல் கலைத்துவிட்டார்கள். இனி மறுத்தால் நேரே உயர் நீதிமன்றம்தான். படத்துக்குக் காசு திரட்டியவர் வக்கீலுக்கும் திரட்ட வேண்டும். எதிர்காலம் கேட்கிற நீங்கள் யாரும் இதைக் கேட்பதில்லை.

அந்தப் பராதீனத்தில் என் மாமாவும் சிக்கினார். மீன்பிடித் தடைக்காலத்தில் ஒரு தம்பி வந்தார், சொந்தக் கதை, சொந்த வசனம், கடன் வாங்கிய கேமரா. மாமாவின் வத்தையை, அதாவது நாட்டுப்படகை, இரண்டு நாளைக்குக் கேட்டார். அப்போதுதான் கடன் வாங்கிப் பெயின்ட் அடித்து, ரோஜாப்பூப் படமெல்லாம் வரைந்து வைத்திருந்தார் மாமா. தம்பி சுற்றிச் சுற்றிப் பார்த்தார். “ஐயா, வறுமை தெரியலையே” என்றார். மறுநாள் நாலு பையன்கள் உப்புத்தாளை வைத்துத் தேய் தேய் என்று தேய்த்து வறுமையைக் கொண்டுவந்தார்கள். ரோஜாவும் போயிற்று. மாமா தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்ததையும் தம்பி படம் பிடித்துக்கொண்டார், நடிப்பு பிரமாதமாம்.

படம் இன்னும் வரவில்லை. ராமநாதபுரம் போகும்போதெல்லாம் மாமா தியேட்டர் வாசலில் பஸ்ஸை விட்டு இறங்கி, போஸ்டரில் தன் வத்தை இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் ஆஸ்பத்திரிக்குப் போகிறார். தம்பி இதைப் படித்தால் பெயின்ட் காசையாவது அனுப்பட்டும்.