ஸலீம்: பெயருக்குள் ஒரு பாம்பு

கேள்வி: பையனுக்கு ஸலீம் என்று வைக்கப் போகிறோம். 'அமைதி' என்றுதானே பொருள்?

பதில்: அமைதி என்பது ஸலாம். ஸலீம் என்றால் பழுதில்லாதவன், குறைவற்றவன். ஸீன், லாம், மீம் என்ற மூன்று அரபு எழுத்துகள்தான் இரண்டுக்கும் வேர். அதனால் பெயர்ப் பட்டியல் போடுகிறவர்கள் எல்லாவற்றுக்கும் 'அமைதி' என்று எழுதிவிட்டுப் போய்விடுகிறார்கள். குர்ஆனில் 'கல்பின் ஸலீம்' என்று இரண்டு இடத்தில் வருகிறது (26:89, 37:84). மாசற்ற உள்ளம் என்று அர்த்தம்.

கேள்வி: ஸாலிமும் ஸலீமும் ஒன்றா அண்ணா?

பதில்: உடன்பிறப்புகள், ஒரே ஆள் இல்லை. ஸாலிம் ஆபத்தில்லாமல் வந்து சேர்ந்தவன். ஸலீம் இயல்பிலேயே நலமானவன்; கரீம், ஜமீல், ரஹீம் எல்லாம் இதே வார்ப்பு. நெடில் எங்கே விழுகிறது என்று பாருங்கள், போதும்.

கேள்வி: அரபியில் ஸலீம் என்றால் பாம்பு கடித்தவன் என்று ஒருவர் பயமுறுத்துகிறார். நிஜமா?

பதில்: நிஜம்தான். எனக்கு இந்தப் பெயரில் பிடித்ததே அதுதான். பழைய அரபிகள் கடிபட்டவனைக் கடிபட்டவன் என்று சொல்ல மாட்டார்கள். 'நலமாயிருப்பவன்' என்பார்கள், நல்ல வார்த்தை பலிக்கட்டும் என்றுதான். உயிரைக் குடிக்கும் பாலைவனத்துக்கு 'மஃபாஸா', அதாவது தப்பிப் பிழைக்கும் இடம், என்று பெயர் வைத்தவர்களாயிற்றே. நம் இலக்கணத்தில் இதற்கு மங்கலம் என்று பெயர். நாம் மட்டும் என்ன, 'நல்ல பாம்பு' என்கிறோமே!

இஸ்லாத்துக்கு முந்தைய கவிதை ஒன்றில் ஒரு காட்சி. கடிபட்டவன் தூங்கிவிட்டால் விஷம் ஏறிவிடுமாம். அவன் கையில் பெண்களின் நகைகளை மாட்டிவிட்டிருக்கிறார்கள். நீண்ட இரவு முழுக்க அவை கலகலத்துக்கொண்டே இருக்கின்றன. அந்த ஆளைக் கவிஞர் சொல்லும் சொல் 'ஸலீம்'.

கேள்வி: ஸுலைமானும் இதே வேரா? யூதர்கள் சொல்லும் ஷாலோம்?

பதில்: ஷாலோமும் ஸலாமும் ஒரே குடும்பம். ஸுலைமான் அரபியில் பிறந்ததல்ல. எபிரேய 'ஷெலோமோ'விலிருந்து வந்தது.

கேள்வி: வரலாற்றில் இந்தப் பெயரில் யாராவது?

பதில்: முகலாயப் பேரரசர் ஜஹாங்கீரின் இயற்பெயரே ஸலீம்தான். 1569இல் பிறந்த அவருக்கு, ஷேக் ஸலீம் சிஷ்தி என்ற ஸூஃபியின் பெயரை வைத்தார் அக்பர். துருக்கியர் 'ஸெலிம்' என்பார்கள். 1517இல் எகிப்தைப் பிடித்த உஸ்மானிய சுல்தான் முதலாம் ஸெலிம். அவரிடம் சாந்தத்தைத் தேடாதீர்கள்.

கேள்வி: பெண் பிறந்தால்?

பதில்: ஸலீமா. ஸல்மாவும் அதே வேர்தான்.

கேள்வி: சலீமா, ஸலீமா? எப்படி எழுதுவது?

பதில்: தமிழில் எப்படி எழுதினாலும் குடி முழுகாது. அரபியில் எழுதும்போது மட்டும் ஸீன் போடுங்கள். 'ஸ' போலவே ஒலிக்கும் இன்னொரு எழுத்தான ஸாத் போட்டால் அது வேறு வேர்; அந்த வினைச்சொல்லுக்குக் காதை அடியோடு அறுப்பது என்று பொருள்.