செதுக்கியவருக்கு எதற்குப் பெயர்?

கேள்வி: சென்ற இதழில் வில்லியம் ஜேம்ஸ் லின்டன் என்ற ஆங்கிலேய மரச்செதுக்குக் கலைஞரைப் பற்றி நான்கு பக்கக் கட்டுரை வெளியிட்டிருந்தீர்கள். பிறர் வரைந்த படங்களைக் கட்டையில் வெட்டிக் கொடுத்த ஒரு தொழிலாளியை இப்படித் தூக்கிப் பிடிப்பது ஏன்? பாதி வாழ்நாளை அரசியலில் வேறு தொலைத்திருக்கிறார். லூயிஸ் கரோலின் ஆலிஸ் கதைக்குப் படம் போட்ட டென்னியலைப் போன்ற உண்மையான ஓவியர் ஒருவருக்கு அந்த இடத்தைக் கொடுத்திருக்கலாமே?
— வாசகர் ஒருவர், கும்பகோணம்

பதில்: டென்னியலிலிருந்தே தொடங்குவோம். அவரை இழுத்து வந்தவர் நீங்கள்தான். 1865இல் வெளியான அந்த ஆலிஸ் புத்தகத்தில் அவருடைய படங்கள் 42. உருப்பெருக்கியை வைத்துப் பாருங்கள். ஒரு மூலையில் டென்னியலின் முத்திரை எழுத்துகள் இருக்கும். பெரும்பாலான படங்களில் இன்னொரு மூலையில் 'டால்ஸீல்' என்றும் இருக்கும். டால்ஸீல் சகோதரர்கள் லண்டனில் பெரிய செதுக்குப் பட்டறை நடத்தியவர்கள். டென்னியலின் கோடு என்று நீங்கள் ரசிப்பதில் ஒன்றுகூட அவர் கை நேராக இழுத்தது அல்ல. அத்தனையும் அந்தப் பட்டறையில் யாரோ ஒருவர் உளிக்குத் தப்பவைத்த மர விளிம்புகள். முதல் அச்சு மோசம் என்று டென்னியல் முகம் சுளித்ததால் 2000 பிரதிகள் கொண்ட அந்தப் பதிப்பே நிறுத்தப்பட்டது. அப்போதுகூட அவருடைய கோபம் அச்சடித்தவர்கள் மேல்தான்.

வேலை எப்படி நடந்தது என்று தெரிந்தால் 'வெட்டிக் கொடுத்த' என்று அவ்வளவு சுலபமாக எழுதியிருக்க மாட்டீர்கள். பாக்ஸ் மரத்தைக் குறுக்கே அறுத்து, அறுத்த முகத்தை வழவழப்பாகத் தேய்த்துக் கட்டையாக்குவார்கள். வெட்டிய இடம் காகிதத்தில் வெள்ளையாக நிற்கும், விட்ட இடத்தில் மை ஏறும். கட்டையின் உயரம் அச்செழுத்தின் உயரமேதான் என்பதால் படத்தையும் பத்தியையும் சேர்த்துப் பூட்டி ஒரே அழுத்தில் அச்சடிக்கலாம். செப்புத் தகட்டில் இது நடக்காது. அதற்கு வேறு எந்திரம் வேண்டும், வேறு காகிதமும் வேண்டும். 1842இல் 'இல்லஸ்ட்ரேட்டட் லண்டன் நியூஸ்' வாரந்தோறும் படங்களோடு வர முடிந்தது இந்தக் கட்டையால்தான். அதற்குச் செதுக்கிக் கொடுத்தவர்களில் லின்டனும் அவருடைய கூட்டாளி ஆரின் ஸ்மித்தும் உண்டு. பாக்ஸ் மரம் அதிகம் பருக்காது. எனவே பெரிய படம் என்றால் பல துண்டுகளைப் பின்புறம் திருகாணி போட்டு இணைப்பார்கள். அவசரச் செய்தியாக இருந்தால் துண்டுகளைக் கழற்றி ஆளுக்கொன்றாகக் கொடுத்து, இரவோடிரவாக வெட்டி, விடிவதற்குள் மறுபடி பூட்டிவிடுவார்கள். இரவில் விளக்கொளியைக் கட்டையின் மேல் குவிக்க, தண்ணீர் நிரப்பிய கண்ணாடிக் குண்டுகளை நடுவில் வைப்பது வழக்கம். கண் போய்விடும் வேலை.

ஓவியர் ஒரு நிழலுக்காகக் குறுக்கும் நெடுக்குமாகப் பேனாவை ஓட்டுவார், அரை நிமிடத்தில் முடிந்துவிடும். அந்தக் கோடுகளுக்கு இடையில் உள்ள ஒவ்வொரு பொடிக் கட்டத்தையும் செதுக்குபவர் தனித்தனியாகத் தோண்டி எடுக்க வேண்டும். இதைப் படியெடுப்பு என்று நீங்கள் சொன்னால் நான் மறுக்க மாட்டேன். லின்டனே அதைத்தான் சொன்னார், உங்களைவிடக் கடுமையாக. இன்னொருவரின் கறுப்புக் கோட்டைச் சுற்றி வெட்டிக்கொண்டிருப்பது எந்திர வேலை, அதில் மூளைக்கு இடமில்லை என்பது அவர் வாதம். அவர் போற்றியது வெள்ளைக் கோட்டை. கட்டை முழுவதையும் இருளாக எண்ணிக்கொண்டு உளியால் வெளிச்சத்தை இழுப்பது. அங்கே உளிதான் வரைகிறது. அந்த வழியின் பெரியவர் நியூகாஸிலின் தாமஸ் பியூவிக். அவர் இறந்தது 1828இல். 1812இல் லண்டன் மைல் எண்டில் பிறந்த லின்டன், ஜார்ஜ் போனரிடம் தொழில் பழகச் சேர்ந்ததும் அதே 1828இல்தான். போனரோ, பியூவிக்குக்குப் போட்டியாகக் கறுப்புக் கோட்டை வளர்த்த பிரான்ஸ்டனின் உறவினர், மாணவர். எதிர்முகாமில் பயின்றவர்தான் பியூவிக்கின் கொடியைக் கடைசிவரை பிடித்தார்.

'பிறர் வரைந்ததை' என்கிறீர்கள். ஓவியர் எதைக் கொடுத்தார் என்று பார்த்தீர்களா? 1857இல் ஆங்கிலக் கவிஞர் டென்னிசனின் கவிதைகளுக்கு ஒரு படப்பதிப்பு வந்தது. அதில் ஓவியரும் கவிஞருமான ரோஸெட்டியின் படங்கள் ஐந்து. மனிதர் கட்டையின் மேலேயே பென்சில், மை, வண்ணச் சுண்ணம் எல்லாவற்றையும் கலந்து தடவிக் கொடுத்தார். மங்கலும் பூச்சும் அச்சில் ஏறாது. கட்டைக்குத் தெரிந்தது கறுப்பும் வெள்ளையும் மட்டும். அந்த மங்கலை எந்தக் கோடாக்குவது, எவ்வளவு நெருக்கமாக, எந்தத் திசையில் என்று முடிவு செய்தவர் செதுக்கியவர்தான். ரோஸெட்டி டால்ஸீல்களைத் திட்டிக் கேலிப்பாட்டே எழுதினார். ஐந்தில் இரண்டு லின்டனிடம் போயின. செதுக்குபவர் வெறும் கைதான் என்றால் கை மாறியதும் படம் மாறுவானேன்? இன்னொன்றும் உண்டு. கட்டையின் மேல் வரைந்த மூலப்படம் வெட்ட வெட்ட அழிந்துபோகும். ஒப்பிட்டுப் பார்க்க எதுவும் மிஞ்சாது. ஓவியரின் பெயர் தப்பியது செதுக்குபவரின் நாணயத்தால்.

அவர் தாமே வரைந்ததில்லை என்ற எண்ணமும் உங்களுக்கு இருப்பதாகத் தெரிகிறது. 1864இல் அவருடைய மனைவி எலைசா லின் லின்டன் இங்கிலாந்தின் ஏரி நாட்டைப் பற்றி ஒரு புத்தகம் எழுதினார். அதில் நூறு படங்கள். வரைந்தவரும் செதுக்கியவரும் லின்டனே.

இனி அரசியல். 'தொலைத்தார்' என்பதை நான் ஏற்கவில்லை. உழைப்பாளிகளுக்கு வாக்குரிமை கேட்ட சார்ட்டிஸ்ட் இயக்கத்தில் இருந்தவர் அவர், தொழிலாளி என்று நீங்கள் அழைத்ததற்காக வருந்தியிருக்க மாட்டார். 1844இல் லண்டனில் அடைக்கலம் புகுந்திருந்த இத்தாலியப் புரட்சியாளர் மாஸினிக்குத் தம் கடிதங்களை யாரோ பிரித்துப் படிப்பதாகச் சந்தேகம் வந்தது. உறைக்குள் கசகசாவையும் மணலையும் போட்டு அனுப்பச் செய்து பார்த்தார்கள். கடிதம் வந்தது, உள்ளே போட்டது வரவில்லை. மாஸினியும் லின்டனும் சார்ட்டிஸ்ட் தலைவர் லவெட்டும் கையெழுத்திட்ட மனுவை டங்கம் என்ற உறுப்பினர் நாடாளுமன்றத்தில் வைத்தார். உள்துறை அமைச்சர் சர் ஜேம்ஸ் கிரஹாமின் உத்தரவில்தான் கடிதங்கள் பிரிக்கப்பட்டன என்று வெளிவந்து நாடே கொந்தளித்தது. பகலில் கட்டை வெட்டிய ஒருவர் இதற்கும் நேரம் கண்டுபிடித்தார் என்றால் அதை நான் வரவில்தான் எழுதுவேன்.

செலவுப் பக்கமும் இருக்கிறது. உளி சம்பாதித்ததையெல்லாம் அவருடைய பத்திரிகைகள் தின்றன. 1852இல் கோனிஸ்டன் ஏரிக்கரையில் பிரான்ட்வுட் வீட்டை வாங்கி, அங்கேயே அச்சுப்பொறி வைத்து 'இங்கிலீஷ் ரிபப்ளிக்' என்ற ஏட்டை நடத்தினார். முடியாட்சி ஒழிய வேண்டும் என்று அந்த மலைநாட்டில் உட்கார்ந்து அச்சடித்தால் எத்தனை பேர் வாங்குவார்கள்? 1855இல் நின்றுபோயிற்று. 'கடவுளும் மக்களும்' என்ற மாஸினியின் முழக்கம் சுவரில் மிஞ்சியது. 1871இல் அந்த வீட்டைப் பார்க்காமலேயே 1500 பவுன் கொடுத்து வாங்கியவர் கலை விமர்சகர் ரஸ்கின். இன்று அது ரஸ்கின் வீடு என்றே வழங்குகிறது. இதிலும் லின்டன் பெயர் பின்னால் போய்விட்டது, பாருங்கள். குடும்பத் தலைவராக அவருக்கு மதிப்பெண் போடச் சொன்னால் தயங்குவேன். பிள்ளைகள் பலர், பணம் தங்காது. சம்பாதிக்கும் எழுத்தாளரான எலைசாவோடும் சேர்ந்து வாழ முடியவில்லை. 1866இல் அமெரிக்காவுக்குக் கப்பலேறினார்.

உங்கள் கேள்விக்கு நேரான பதில் கிடைப்பது அங்கேதான். அப்போது படத்தைப் புகைப்பட முறையில் கட்டைமேல் இறக்கத் தொடங்கியிருந்தார்கள். தூரிகைத் தடத்தைக்கூட அப்படியே காட்டிவிட வேண்டும் என்று திமொதி கோல், ஜுங்லிங் போன்ற இளைஞர்கள் மயிரிழைக் கோடுகளாகச் செதுக்கித் தள்ளினார்கள். 1879இல் 'அட்லாண்டிக் மன்த்லி' என்ற அமெரிக்க மாத இதழில் லின்டன் அவர்களைப் பிடிபிடி என்று பிடித்தார். மேகம், மரம், முகம் எல்லாம் ஒரே தூசாகிவிட்டன, எது முக்கியம் என்று தீர்மானிக்கும் பொறுப்பைச் செதுக்குபவர் கைகழுவிவிட்டார் என்பது குற்றச்சாட்டு. கொள்கையில் நான் லின்டன் பக்கம். ஆனால் கோல் விஷயத்தில் அவர் அநியாயம் செய்தார் என்றே நினைக்கிறேன். பழைய இத்தாலிய ஓவியங்களைப் பார்த்துக் கோல் பின்னாளில் செதுக்கியவற்றில் அந்த ஓவியங்களின் மென்மை அப்படியே இருக்கிறது. கிழவருக்கு அது பிடிக்காமல் போனது அவருடைய நஷ்டம். எப்படியும் சண்டை நெடுநாள் நீடிக்கவில்லை. படத்தைப் புள்ளிகளாக உடைத்து அச்சிடும் ஹாஃப்டோன் முறை வந்து இரு தரப்பையும் வேலையிலிருந்து அனுப்பியது. லின்டன் கனெக்டிகட்டில் தம் சிறிய அச்சகத்தோடு ஒதுங்கி, 1889இல் மரச்செதுக்கின் மேதைகளைப் பற்றிப் பெரிய நூல் ஒன்றைக் கொண்டுவந்தார். 1897 டிசம்பரில் நியூ ஹேவனில் இறந்தார். யேல் பல்கலைக்கழகம் கௌரவப் பட்டம் கொடுத்த மனிதர்தான் நீங்கள் சொல்லும் 'ஒரு தொழிலாளி'.

டென்னியலுக்கும் பக்கம் ஒதுக்குவோம், கவலை வேண்டாம். ஒவ்வொரு படத்தின் கீழும் 'செதுக்கியவர்கள்: டால்ஸீல் சகோதரர்கள்' என்ற வரி இருக்கும். அதற்கும் ஆட்சேபம் இருந்தால் அடுத்த கடிதத்தில் எழுதுங்கள்.