ஆஸ்திரேலியாவில் தற்காப்புக்குத் துப்பாக்கி உரிமம் கிடைக்குமா?

கிடைக்காது. விண்ணப்பத்தில் "என் குடும்பத்தின் பாதுகாப்புக்கு" என்று எழுதினாலே போதும், தள்ளுபடி ஆகிவிடும். தற்காப்பு என்பதை இந்த நாட்டுச் சட்டம் ஒரு காரணமாகவே ஏற்பதில்லை.

நான் நியூ சவுத் வேல்ஸில், ஆடும் கோதுமையுமாகப் பிழைக்கும் ஓர் உள்நாட்டு ஊரில் வசிக்கிறேன். பக்கத்துப் பண்ணைகளில் துப்பாக்கி இல்லாத வீடுதான் அபூர்வம். ஆனால் யாரும் திருடனுக்குப் பயந்து வாங்கியதில்லை. ஆட்டுக்குட்டியைத் தூக்கும் நரியும் வயலைக் கிளறும் காட்டுப்பன்றியும்தான் காரணம். பண்ணைத் தொழில், வேட்டை, குறிபார்த்துச் சுடும் விளையாட்டு என்று ஏதாவது ஒன்றை ஆதாரத்தோடு காட்டியாக வேண்டும்.

1996 ஏப்ரல் 28 அன்று தாஸ்மேனியாவின் போர்ட் ஆர்தரில் ஒரே ஆள் 35 பேரைச் சுட்டுக் கொன்றான். பன்னிரண்டே நாளில், மே 10 அன்று, எல்லா மாநிலங்களும் பொதுவான விதிகளுக்கு ஒப்புக்கொண்டன. மெடிகேர் என்ற பொது மருத்துவக் காப்பீட்டுக்கான வரியை ஓராண்டுக்கு 0.2 சதவீதம் கூட்டி, அந்தப் பணத்தில் சுமார் 6,50,000 துப்பாக்கிகளை அரசு விலைக்கு வாங்கி அழித்தது. அப்போதைய பிரதமர் ஜான் ஹோவர்டுக்கு வாக்களித்த கிராமத்து மக்களே கொதித்தார்கள். சேல் என்ற ஊரில் கோட்டுக்குள் குண்டு துளைக்காத கவசம் அணிந்துதான் அவர் மேடையேறினார்.

உரிமம் கையில் வந்ததும் கடைக்கு ஓட முடியாது. வாங்கும் ஒவ்வொரு துப்பாக்கிக்கும் தனி அனுமதி வேண்டும். முதல் துப்பாக்கிக்குக் குறைந்தது 28 நாள் காத்திருப்பு. சாதாரண ரைபிள்கள் ஏ, பி வகை. தானாகக் குண்டேறும் ரகங்கள் சி, டி. இவை சாமானியருக்கு எட்டாதவை. கைத்துப்பாக்கி எச் வகை. விளையாட்டுக்கென்று கேட்பவர் கிளப்பில் சேர்ந்து ஒழுங்காகப் போய் வர வேண்டும்.

வீட்டில் வைப்பதற்கும் கணக்கு இருக்கிறது. பெட்டகம் காலியாக 150 கிலோவுக்குக் குறைவாக இருந்தால் சுவரிலோ தரையிலோ போல்ட் போட்டு இறுக்க வேண்டும். தோட்டாக்களுக்குத் தனிப் பூட்டுப் பெட்டி. போலீஸ்காரர் வந்து பெட்டகத்தைப் பிடித்து ஆட்டிப் பார்ப்பார், சாவி எங்கே என்று கேட்பார். மனைவியிடம் உரிமம் இல்லையென்றால் அவர் கைக்கும் அந்தச் சாவி போகக் கூடாது.

புதிதாகக் குடிவருபவர்கள் மாட்டிக்கொள்வது பெரும்பாலும் துப்பாக்கியால் அல்ல, மற்ற ஆயுதங்களால். மிளகு ஸ்பிரே, குறுக்கு வில், விரல்களில் மாட்டும் இரும்பு வளையம் எல்லாமே இந்த மாநிலத்தில் தடை செய்யப்பட்டவை; வைத்திருக்கத் தனி அனுமதி வேண்டும். ஹோவர்ட் அணிந்தாரே, அந்தக் கவசமும் அதே பட்டியலில்தான்! கடையில் விற்கும் உண்டிவில்லும் அதில் உண்டு. பிள்ளைகள் விளையாட வீட்டில் செய்துகொண்டதற்கு மட்டும் விலக்கு.

மாநிலம் மாறினால் விதியும் மாறும். மேற்கு ஆஸ்திரேலியாவில் தக்க காரணம் இருந்தால் தற்காப்புக்கு மிளகு ஸ்பிரே வைத்திருக்கலாம். ஜெல் உருண்டை சுடும் பொம்மைத் துப்பாக்கி குயின்ஸ்லாந்தில் உரிமம் இல்லாமலே கிடைக்கும். அதையே காரில் போட்டுக்கொண்டு எல்லை தாண்டி இங்கே வந்தால் நிஜத் துப்பாக்கி வழக்கு. இணையத்தில் ஆர்டர் கொடுப்பதற்கு முன் உங்கள் மாநிலக் காவல்துறையின் பட்டியலைப் பாருங்கள். விற்பவர் எழுதியிருப்பதை நம்பாதீர்கள்.