மறுத்த வேடங்களும் ஏற்ற வேடங்களும்: ஜெனவியேவ் புஜோல்ட் குறித்த கேள்வி பதில்

பிரெஞ்சுக் கனடிய நடிகை ஜெனவியேவ் புஜோல்டின் திரைப்பட, தொலைக்காட்சிப் பணிகள் குறித்து வாசகர்கள் பலர் கேட்ட கேள்விகளுக்கு, கனடியத் திரைப்படங்களை நெடுங்காலமாகப் பார்த்துவரும் ஒருவர் தந்த பதில்கள் இவை.

கேள்வி: ஐயா, அவருடைய பின்புலம் என்ன? நடிப்புக்கு எப்படி வந்தார்?

பதில்: 1942 ஜூலை 1 அன்று மாண்ட்ரியல் நகரில், பிரெஞ்சு பேசும் எளிய குடும்பம் ஒன்றில் பிறந்தார். தந்தை பேருந்து ஓட்டுநர். கன்னியர் மடம் நடத்திய பள்ளியில் பன்னிரண்டு ஆண்டுகள் படித்தார். அந்தக் கட்டுப்பாடு அவருக்கு ஒத்துவரவில்லை. அங்கிருந்து வெளியேறி, பிரெஞ்சு மொழி பேசும் கனடிய மாகாணமான கியூபெக்கின் அரசு நடத்திய நாடகப் பயிற்சிக் கூடத்தில் சேர்ந்தார். படிப்புச் செலவுக்காகத் திரையரங்கு ஒன்றில் பார்வையாளர்களுக்கு இருக்கை காட்டும் வேலையையும் செய்தார். பட்டம் பெறும்வரை காத்திராமல், 'செவில் நகரத்து நாவிதன்' நாடகத்தில் வாய்ப்பு வந்ததும் மேடை ஏறிவிட்டார். 1963-இல் வெளிவந்த அவருடைய தொடக்ககாலப் படங்களுள் ஒன்று ஒரே நேரத்தில் ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் படமாக்கப்பட்டது என்பது, அவருக்குப் பின்னால் வரவிருந்ததை நினைத்தால் பொருத்தமான தற்செயல்தான்.

கேள்வி: மாண்ட்ரியல் மேடை நடிகை ஒருவர் ஓரிரு ஆண்டுகளில் பிரான்சின் பெரிய இயக்குநர்களிடம் நடித்தது எப்படி?

பதில்: 1965-இல் மாண்ட்ரியலின் ரிடோ வேர் நாடகக் குழுவுடன் பாரிஸுக்குப் பயணம் சென்றபோது அலென் ரெனே அவரைத் தமது படத்துக்குத் தேர்ந்தெடுத்தார். 1966-இல் வெளிவந்த 'போர் முடிந்துவிட்டது' என்ற அந்தப் படத்தில், ஸ்பெயினின் சர்வாதிகாரத்தை எதிர்த்துத் தலைமறைவாக இயங்கும் நடுவயதுப் புரட்சியாளராக ஈவ் மொந்தான் நடித்தார். அவர்மீது ஈர்ப்புக் கொள்ளும் இளம் மாணவியாகப் புஜோல்ட் நடித்தார். அதே ஆண்டில் பிலிப் தெ ப்ரோக்காவின் 'இதயங்களின் அரசன்', அடுத்த ஆண்டில் லூயி மாலின் 'திருடன்' என இரண்டு ஆண்டுகளுக்குள் மூன்று முக்கிய இயக்குநர்களிடம் பணியாற்றிவிட்டார். இவற்றுள் 'இதயங்களின் அரசன்' பிரான்சில் கவனிப்பாரின்றிப் போய், 1970-களில் அமெரிக்கக் கல்லூரி மாணவர்களிடையே மாதக்கணக்கில், சில ஊர்களில் ஆண்டுக்கணக்கில் ஓடியது. பாரிஸிலேயே தங்கியிருந்தால் பிரெஞ்சுத் திரையின் நிலையான முகமாக அவர் ஆகியிருக்கக்கூடும். அவர் கனடாவுக்குத் திரும்பினார். 1967-இல் ஆங்கிலம் பேசும் கியூபெக் இயக்குநரான பால் ஆல்மண்டை மணந்தார்.

கேள்வி: அவருடைய புகழுக்குக் காரணம் 'ஆயிரம் நாள் ஆன்' படம் என்கிறார்கள். அதன் பிறகு ஏன் அவர் முன்னணி நட்சத்திரமாக நிலைக்கவில்லை?

பதில்: பலரும் கேட்கும் கேள்வி இது, 'நிலைக்கவில்லை' என்ற சொல்லோடு எனக்கு உடன்பாடில்லை. நடந்ததைச் சொல்கிறேன். ஆல்மண்ட் இயக்கத்தில் காஸ்பே கடற்கரைப் பகுதியில் எடுக்கப்பட்ட 'இசபெல்' என்ற படத்தைப் பார்த்த தயாரிப்பாளர் ஹால் வாலிஸ், இங்கிலாந்து மன்னர் எட்டாம் ஹென்றியாக ரிச்சர்ட் பர்ட்டன் நடிக்கவிருந்த 'ஆயிரம் நாள் ஆன்' படத்தில், மன்னரை மணந்து பின்னர் தலை துண்டிக்கப்பட்ட அரசி ஆன் போலின் வேடத்தைப் புஜோல்டுக்குக் கொடுத்தார். இளமையில் பிரெஞ்சு அரசவையில் பல ஆண்டுகள் வளர்ந்தவர் ஆன் போலின் என்பதால், புஜோல்டின் பேச்சில் இழையோடும் பிரெஞ்சு ஒலி குறையாகத் தெரியாமல் பாத்திரத்துக்கே உரியதாக அமைந்தது. பர்ட்டனின் இடிமுழக்கக் குரலுக்கு எதிரே, குரலை உயர்த்தாமல் பார்வையாலும் நிமிர்ந்த கழுத்தாலும் அவர் நிற்கும் சிறைக்காட்சியை இன்றைக்குப் பார்த்தாலும் அதன் கூர்மை குறைந்திருக்காது. 1969-இல் வெளிவந்த அந்தப் படத்துக்காகக் கோல்டன் குளோப் விருது பெற்றார், ஆஸ்கருக்கும் பரிந்துரைக்கப்பட்டார், அந்த ஆண்டின் ஆஸ்கர் மேகி ஸ்மித்துக்குச் சென்றது.

சிக்கல் அதன் பிறகுதான் தொடங்கியது. பல படங்களுக்கு அவருடன் ஒப்பந்தம் செய்திருந்த யுனிவர்சல் நிறுவனம், ஸ்காட்லாந்து அரசி மேரியின் வேடத்தை அடுத்ததாகத் தர முன்வந்தது. அதே தயாரிப்பாளர், அதே இயக்குநர், அதே வகை உடைகள், மீண்டும் தலை துண்டிக்கப்படும் ஓர் அரசி. ஏற்கெனவே செய்ததைத் திரும்பச் செய்ய அவர் விரும்பவில்லை. மறுத்தார். நிறுவனம் 4,50,000 டாலர் கேட்டு வழக்குத் தொடுத்தது. அவரோ மைக்கேல் காக்கோயானிஸ் இயக்கிய 'ட்ரோஜன் பெண்கள்' படத்தில், கேத்தரின் ஹெப்பர்ன், வனெஸ்ஸா ரெட்கிரேவ் ஆகியோருடன், சித்தம் கலங்கிய தீர்க்கதரிசி கசாண்ட்ராவாக நடிக்கப் போய்விட்டார். மேரியின் வேடம் அதே ரெட்கிரேவிடம் போய்ச் சேர்ந்தது. வழக்கைத் தீர்த்துக்கொள்வதன் பகுதியாகவே 1974-இல் 'பூகம்பம்' என்ற பேரழிவுப் படத்தில் நடித்தார். இருக்கைகள் அதிரும்படி ஒலியமைத்துத் திரையரங்குகளில் காட்டப்பட்ட படம் அது. அவருக்கு அதில் செய்வதற்குப் பெரிதாக ஒன்றுமில்லை, செய்ய வேண்டியதைக் குறையில்லாமல் செய்திருக்கிறார். ஒரு பெரிய வெற்றியை அடுத்தடுத்த வெற்றிகளாக மாற்றிக்கொள்ளும் சாமர்த்தியம் அவரிடம் இல்லை என்று சிலர் எழுதினார்கள். அந்தச் சாமர்த்தியத்தை அவர் வேண்டாமென்று வைத்தார் என்பதே என் கணிப்பு. யாரை நம்பி நடிக்கிறோம் என்பதை முதலிலும், என்ன வேடம் என்பதை அடுத்தும், அது எவ்வளவு பெரிய படம் என்பதைக் கடைசியிலும் பார்த்தவர் அவர்.

கேள்வி: நான் மருத்துவர். 'கோமா' படத்தில் அவருடைய மருத்துவர் வேடம் உண்மையாகத் தோன்றியது. அதைப் பற்றிச் சொல்லுங்கள்.

பதில்: அந்தப் படத்தை இயக்கிய மைக்கேல் கிரைட்டன் ஹார்வர்டில் மருத்துவம் படித்தவர், கதையை எழுதிய ராபின் குக்கும் மருத்துவர், ஆகவே மருத்துவமனையின் நடைமுறைகள் உங்களை உறுத்தாததில் வியப்பில்லை. 1978-இல் வெளிவந்த ஒரு பரபரப்புப் படத்தில் துப்புத் துலக்கும் பொறுப்பு முழுவதும் பெண் பாத்திரத்திடம் இருப்பதும், மைக்கேல் டக்ளஸ் அவருக்குத் துணையாக மட்டும் வருவதும் அன்றைக்கு அரிது. இயந்திர அறையின் ஏணியில் ஏறுவதற்கு முன் வழுக்காமலிருக்கக் காலுறையைக் கழற்றி எறிகிறாரே, அந்தச் சிறிய செயலே போதும். அவர் அலங்காரப் பொம்மை அல்லர், வேலை தெரிந்தவர் என்பது பார்வையாளருக்குப் புரிந்துவிடுகிறது. மருத்துவத்தின் இருண்ட பக்கத்தைக் காட்டும் இன்னொரு படம் 1988-இல் டேவிட் குரோனன்பெர்க் டொரண்டோவில் எடுத்த 'டெட் ரிங்கர்ஸ்'. ஜெரமி அயன்ஸ் இரட்டையரான இரு மருத்துவர்களாக நடிக்கும் அந்தப் படத்தில் புஜோல்ட் ஒரு நடிகையாகவே வருகிறார். தாம் பழகுவது ஒருவரோடு அல்ல, இருவரோடு என்று அறியும்போது அவர் முகத்தில் தெரியும் அருவருப்பும் ஏளனமும் படத்தின் மிகச் சிறந்த கணங்கள்.

கேள்வி: 'ஸ்டார் ட்ரெக்: வாயேஜர்' என்ற அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரில் விண்கப்பல் தலைவராக நடிக்கத் தொடங்கி இரண்டு நாளில் விலகிவிட்டாராமே? ஒப்பந்தம் செய்த பிறகு விலகுவது பொறுப்பின்மை அல்லவா?

பதில்: உண்மைதான். 1994 செப்டம்பரில் படப்பிடிப்புத் தொடங்கியது. ஏறத்தாழ ஒன்றரை நாளில் அவர் விலகினார். தலைவர் ஜேன்வே என்ற அந்தப் பாத்திரத்தின் முதற்பெயரைக்கூட அவருடைய விருப்பத்துக்காக நிக்கோல் என்று மாற்றியிருந்தார்கள். பின்னர் கேட் மல்க்ரூ அந்த வேடத்தை ஏற்றார். 1995 முதல் 2001 வரை ஏழு பருவங்கள் நடித்து அதைத் தமதாக்கிக்கொண்டார்.

அவர் ஏன் விலகினார் என்பதைப் புரிந்துகொள்ள, தொலைக்காட்சியில் அதற்கு முன் அவர் செய்தவற்றைப் பார்க்க வேண்டும். 1967-இல் அமெரிக்கத் தொலைக்காட்சிக்காகப் பெர்னார்ட் ஷாவின் 'புனித ஜோன்' நாடகத்தில் நடித்து எம்மி விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார். பின்னர் 'ஆன்டிகனி', அலெக் கின்னஸுடன் 'சீசரும் கிளியோபாட்ராவும்' ஆகியவற்றிலும் நடித்தார். அவை யாவும் வாரக்கணக்கில் ஒத்திகை பார்த்து ஒருமுறை மட்டும் அரங்கேற்றும் மேடை நாடகத்துக்கு நெருக்கமானவை. ஆண்டுக்கு இருபதுக்கும் மேற்பட்ட பகுதிகள், நாளொன்றுக்குப் பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேல் வேலை, பெரும்பாலான காட்சிகளில் தலைவரின் இருப்பு, இவற்றுக்கு மேல் செய்தியாளர் சந்திப்புகள் என்பது முற்றிலும் வேறான தொழில். அவர் நடித்த சில காட்சிகள் பின்னர் வெளியிடப்பட்டன. அவற்றில் அவர் தாழ்ந்த குரலில், தமக்குள் ஒடுங்கியவராகப் பேசுகிறார். ஆணையிடும் தொனி இல்லை. அந்த நடிப்பு ஒரு தனிப் படத்துக்கு அழகாக இருந்திருக்கும், விண்கப்பல் தொடருக்குப் பொருந்தவில்லை. பொறுப்பின்மை என்ற உங்கள் குற்றச்சாட்டில் ஓரளவு நியாயம் இருக்கிறது. நூற்றுக்கணக்கானோரின் வேலை நின்றுபோயிற்று. ஆனால் இரண்டாம் ஆண்டின் நடுவில் விலகியிருந்தால் சேதம் இன்னும் பெரிதாக இருந்திருக்கும்.

கேள்வி: கியூபெக் மக்கள் அவரைத் தங்களை விட்டுப் போனவராகக் கருதுகிறார்களா?

பதில்: போனார், ஆனால் திரும்பத் திரும்ப வந்தார். 1973-இல் ஆன் எபேரின் நாவலைத் தழுவிக் குளோது ஜுத்ரா எடுத்த 'கமுராஸ்கா', அன்றைய கனடியத் திரையுலகில் மிகப் பெருஞ்செலவில் உருவான படம்; கணவனின் கொலைக்கு உடந்தையான எலிசபெத்தாக, கமுராஸ்காவின் பனிவெளியில் அவர் நடித்தது ஹாலிவுட் அழைப்புகள் குவிந்திருந்த காலத்தில்தான். அதைவிட முக்கியமானது, ஒளிப்பதிவாளராகவும் இயக்குநராகவும் புகழ்பெற்ற மிஷேல் புரோவுடன் அவர் கொண்டிருந்த தொடர்பு. 1960-களில் இளம் நடிகையாக அவருடைய படங்களில் தோன்றியவர், 1989-இல் 'காகிதத் திருமணம்' என்ற தொலைக்காட்சிப் படத்துக்காக அவரிடம் திரும்பினார். நாடு கடத்தப்படவிருக்கும் சிலி நாட்டு அகதி ஒருவரைக் காப்பாற்றப் பெயரளவில் மணந்துகொள்ளும் ஆசிரியையின் கதை அது. தொலைக்காட்சிக்காக எடுக்கப்பட்டதாயினும் மறு ஆண்டு பெர்லின் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் இடம்பெற்றது. தாய்மொழியில் நடிக்கும்போது அவருடைய பேச்சு சற்று வேகமெடுப்பதையும், நகைச்சுவை எளிதாக வருவதையும் அந்தப் படத்தில் கவனிக்கலாம்.

கேள்வி: விருதுகள்?

பதில்: 'ஜாக் தி ரிப்பர்' கொலைகளை ஷெர்லாக் ஹோம்ஸ் துப்பறிவதாக 1979-இல் வந்த படத்தில், மனநல விடுதியில் அடைக்கப்பட்ட பெண்ணாகச் சில நிமிடங்களே வந்து, சிறந்த துணை நடிகைக்கான கனடாவின் ஜீனி விருதைப் பெற்றார். 2018-இல் நிகழ்த்துகலைகளில் வாழ்நாள் பணிக்கான கனடிய ஆளுநர் நாயகத்தின் விருதும் கிடைத்தது.

கேள்வி: அவருடைய படங்களைப் புதிதாகப் பார்ப்பவர்கள் எதிலிருந்து தொடங்கலாம்?

பதில்: 'ஆயிரம் நாள் ஆன்' படத்திலிருந்து தொடங்குங்கள் என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். நான் 2012-இல் வெளிவந்த 'ஸ்டில் மைன்' படத்தைச் சொல்வேன். நியூ பிரன்சுவிக் மாகாணத்தில், நினைவு மங்கிவரும் மனைவிக்காகத் தன் நிலத்தில் தன் கையாலேயே வசதியான சிறுவீடு ஒன்றைக் கட்ட முயன்று, கட்டட அனுமதி விதிகளோடு மோதிய முதியவர் ஒருவரின் உண்மைக் கதையைத் தழுவிய படம் அது. கணவராக ஜேம்ஸ் குரோம்வெல் நடித்திருக்கிறார். எழுபது வயதை எட்டியிருந்த புஜோல்ட், மறதியைக் காட்டுவதற்குக் கண்ணீரையோ நடுக்கத்தையோ துணைக்கு அழைக்கவில்லை. தன் நினைவு தன்னைக் கைவிட்டுவிட்டது என்று மனைவிக்குத் தெரியும் கணத்தில், அவர் முகத்தில் முதலில் தோன்றுவது எரிச்சல். அதைப் பார்த்துவிட்டு, 26 வயதில் லண்டன் கோபுரச் சிறைக்குள் ஹென்றியை எதிர்த்து நின்ற ஆனைப் பாருங்கள். அதே எரிச்சலை அங்கேயும் காண்பீர்கள்.