நினைவில் இல்லாத தீ

வாசகர் கேள்விகள் – மனநல மருத்துவரின் பதில்கள்

கேள்வி: 1991 டிசம்பரில், காவிரி நடுவர் மன்றத்தின் இடைக்காலத் தீர்ப்பு அரசிதழில் வெளியானதைத் தொடர்ந்து பெங்களூரில் கலவரம் மூண்டபோது எனக்கு நான்கு வயது. எங்கள் தெருவில் கடைகள் எரிக்கப்பட்டதாகவும், பக்கத்து வீட்டுக் கன்னடக் குடும்பத்தார் எங்களை இரண்டு இரவுகள் தங்கள் வீட்டுப் பின்னறையில் வைத்துக் காப்பாற்றியதாகவும், அப்போது பதினொரு வயதில் இருந்த என் அண்ணன் சொல்லுவார். அம்மா அதைப் பற்றி வாயே திறப்பதில்லை. எனக்கோ எதுவும் நினைவில்லை. ஆனாலும் புகை வாடை பட்டால் நெஞ்சு படபடக்கிறது. தீபாவளி நாட்களில் வாசலுக்கு வரவே முடிவதில்லை. அண்மையில் நான் சந்தித்த ஆலோசகர் ஒருவர், அந்த நினைவு என் ஆழ்மனத்தில் புதைந்து கிடக்கிறது என்றும், ஹிப்னாடிசம் மூலம் ஆறு அமர்வுகளில் அதை வெளியே கொண்டுவந்துவிட்டால் பயம் தானே நீங்கிவிடும் என்றும் சொல்கிறார். செய்துகொள்ளலாமா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி, ஸ்ரீராமபுரம்

பதில்: வேண்டாம், சகோதரி. ஏன் வேண்டாம் என்பதைச் சற்று விரிவாகவே சொல்கிறேன். இதே கேள்வியை வேறு வேறு வடிவங்களில் எனக்கு எழுதுகிறவர்கள் பலர்.

நான்கு வயதில் நடந்தது உங்களுக்கு நினைவில்லை என்பதில் வியப்பதற்கு ஒன்றுமில்லை. பெரியவர்களை உட்காரவைத்து, உங்கள் வாழ்வின் மிகப் பழைய நினைவு எது என்று கேட்டால், பெரும்பாலோர் சொல்வது மூன்று, மூன்றரை வயதில் நடந்த ஒன்றைத்தான். அதற்குப் பிறகும் ஏழு வயது வரையிலான காலம் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் நிற்கும். சிறு பிள்ளைகளுக்கு ஞாபகமே இருப்பதில்லை என்பது இதற்குப் பொருளன்று. மூன்று வயதில் நடந்தவற்றைப் பிள்ளைகளிடம் சில ஆண்டுகள் கழித்துக் கேட்டுப் பார்த்த ஓர் ஆய்வு 2014இல் வெளியானது. ஐந்து முதல் ஏழு வயதில் கேட்டபோது அவற்றுள் 60 விழுக்காட்டுக்கும் மேல் சொன்ன பிள்ளைகள், எட்டு, ஒன்பது வயதில் கேட்டபோது ஏறத்தாழ 35 விழுக்காட்டையே சொன்னார்கள். அந்த மறதி அச்சத்தால் வந்ததன்று; வளர்ச்சியோடு சேர்ந்து வருவது. மூளையில் நினைவுகளைப் பதியவைக்கும் ஹிப்போகாம்பஸ் என்ற பகுதியில் குழந்தைப் பருவத்தில் புதிய நரம்பணுக்கள் மிக வேகமாக உருவாகின்றன. அவை பழைய இணைப்புகளைக் கலைத்துவிடுவது இதற்கு ஒரு காரணமாகலாம் என்பதை அதே ஆண்டில் எலிகளிடம் செய்த சோதனைகள் காட்டின.

ஆகவே உங்கள் மறதியை விளக்க, "மனம் அதை அமுக்கிவைத்துவிட்டது" என்ற கொள்கை தேவைப்படவே இல்லை. அந்தக் கொள்கையை உலகறியச் செய்தவர் சிக்மண்ட் ஃப்ராய்ட். சிறு வயதில் நேர்ந்து, பின்பு அடிமனத்துக்குள் தள்ளப்பட்ட பாலியல் அனுபவங்களே ஹிஸ்டீரியா என்ற மனநோய்க்குக் காரணம் என்று 1896இல் அறிவித்த அவரே, மறு ஆண்டு செப்டம்பரில் நண்பர் ஃப்ளீஸுக்கு எழுதிய கடிதத்தில் தமக்கு அதில் நம்பிக்கை போய்விட்டது என்று எழுதினார். அமுக்கப்பட்ட நினைவு என்னும் எண்ணம் மட்டும் அவரை விட்டும் போகவில்லை, ஊரை விட்டும் போகவில்லை. 1976இல் அமெரிக்காவின் கலிஃபோர்னியா மாநிலத்தில் பள்ளிப் பேருந்து ஒன்றைக் கடத்தி, அதிலிருந்த 26 பிள்ளைகளை மண்ணுக்குள் புதைத்த வண்டி ஒன்றில் அடைத்துவைத்தார்கள். பிள்ளைகள் உயிரோடு மீண்டார்கள். அவர்களுள் பெரும்பாலோரை நேரில் சந்தித்து, நான்கைந்து ஆண்டுகளுக்குப் பிறகும் தொடர்ந்து பார்த்த மனநல மருத்துவர் லெனோர் டெர், நடந்ததை ஒருவரும் மறந்திருக்கவில்லை என்று பதிவு செய்தார். பயங்கரம் நினைவைப் பூட்டிவைக்கும் என்றால், உங்கள் வீட்டில் முதலில் மறந்திருக்க வேண்டியவர், எல்லாம் புரியும் வயதில் இருந்த உங்கள் அண்ணன்தான்.

இதை ஒரேயடியாகவும் சொல்லிவிடக் கூடாது. பேரதிர்ச்சிக்குப் பின் வாழ்வின் ஒரு பகுதியே மறந்துபோகும் நிலை மருத்துவ நூல்களில் உண்டு. அரிதாக நானும் கண்டிருக்கிறேன். பல ஆண்டுகள் எண்ணிப் பாராத ஒன்று திடீரென்று நினைவுக்கு வருவதும் உண்டு. நினைவு இல்லாமலேயே அச்சம் மட்டும் தங்கிவிடுவதும் மெய்யே. சுவிட்சர்லாந்தின் மருத்துவர் க்ளாபரேட், நேற்று நடந்ததுகூட நினைவில் நிற்காத ஒரு பெண்ணின் கையைக் குண்டூசி மறைத்த தம் கையால் குலுக்கினார். பின்பு அவர் கையை நீட்டியபோது, காரணம் சொல்லத் தெரியாமலே அந்தப் பெண் தன் கையை இழுத்துக்கொண்டார். உங்கள் உடம்பும் அப்படி ஏதேனும் கற்றிருக்கலாம். இல்லையென்றால், அந்த நாட்களுக்குப் பிறகு புகை எழும்போதெல்லாம் வெளிறிய அம்மாவின் முகத்தைப் பார்த்தே நீங்கள் அச்சத்தைக் கற்றிருக்கலாம். குழந்தைகள் சில அச்சங்களைத் தாயின் முகத்திலிருந்தும் படிக்கிறார்கள். இரண்டில் எது என்று இனிப் பிரித்துக் காண இயலாது. காணாமலே உங்களைக் குணப்படுத்த இயலும்.

இனி ஹிப்னாடிசம். அந்நிலையில் ஒருவர் சொல்லும் செய்திகள் கூடலாம். ஆனால் அவற்றில் தவறானவையும் சேர்ந்தே கூடுகின்றன. துல்லியம் கூடுவதில்லை, தாம் சொல்வது சரியே என்ற உறுதிதான் கூடுகிறது. இங்கேதான் ஆபத்து இருக்கிறது. எலிசபெத் லாஃப்டஸ் என்ற உளவியலாளர் 1995இல் வெளியிட்ட ஆய்வில், சிறு வயதில் கடைவீதியில் தொலைந்துபோனதாக ஒரு பொய்ச் செய்தியை, வீட்டார் சொன்ன மெய்ச் செய்திகளோடு கலந்து 24 பேரிடம் கொடுத்தார்கள். ஏறத்தாழ நான்கில் ஒருவர், அது தமக்கு முழுவதுமாகவோ ஓரளவோ நினைவிருப்பதாகச் சொன்னார். 2002இல் வேறு ஆய்வாளர்கள், சிறு பிள்ளையாக வெப்பக்காற்று பலூனில் பறப்பதுபோல் ஒட்டுவேலை செய்த புகைப்படத்தை 20 பேரிடம் காட்டியபோது, பாதிப்பேர் அந்தப் பயணத்தை நினைவுகூர்ந்தார்கள். அவர்களிடம் இருந்தவை ஒரு சிறு கதையும் ஒரு படமும்தான். உங்களிடமோ அண்ணன் சொன்ன முழு வரலாறே இருக்கிறது. கண்ணை மூடவைத்து, "புகை தெரிகிறதா? ஓடுகிறவர் யார்? அவர் கையில் என்ன?" என்று கேட்டால், உங்கள் மனம் அத்தனைக்கும் விடை வரைந்து தரும். அந்த ஓவியத்தில் தீ வைத்த ஒருவனுக்கு முகம் தேவைப்படும். அந்த முகம் உங்கள் தெருவில் இன்றும் நடமாடும் யாரோ ஒருவருடையதாக அமைந்துவிடலாம். அதன்பின் அவரை வெறும் அண்டைவீட்டாராகப் பார்க்க உங்களால் முடியுமா?

மருந்து கொடுத்து உண்மையை வரவழைக்கலாம் என்ற நம்பிக்கைக்கும் நம் ஊருக்கும் பழைய தொடர்பு உண்டு. நார்கோ சோதனைக்காக நாட்டின் பல பகுதிகளிலிருந்து சந்தேக நபர்களை ஒரு காலத்தில் பெங்களூருக்குத்தான் கொண்டுவந்தார்கள். செல்வி எதிர் கர்நாடக அரசு என்ற வழக்கில், 2010 மே 5 அன்று, ஒருவரின் விருப்பத்துக்கு மாறாக அச்சோதனையைச் செய்வது அரசியலமைப்புக்கு முரணானது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அரை மயக்கத்தில் ஒருவர் பேசுவதெல்லாம் உண்மை என்று கொள்வதற்கில்லை. ஊசிக்கும் ஹிப்னாடிசத்துக்கும் இது பொருந்தும். லண்டனில் உள்ள மனநல மருத்துவர்களின் ராயல் கல்லூரி, நினைவை மீட்கும் உத்திகளைக் கையாளவேண்டாம் என்று 1997இலேயே தன் உறுப்பினர்களுக்கு அறிவுறுத்திவிட்டது.

உங்களுக்குத் தெரிந்துகொள்ளும் ஆவலே முதன்மையாக இருந்தால், அதற்கு நேரான வழி உண்டு. முதலில், யாரிடமும் பேசுவதற்கு முன், உங்களுக்கு இப்போது தோன்றுவதை, ஒரு வரியே ஆனாலும், தேதியிட்டு எழுதிவையுங்கள். பிறகு அண்ணனிடம் கேளுங்கள். பக்கத்து வீட்டார் இருந்தால் அவர்களைப் போய்ப் பாருங்கள், கன்னடத்திலேயே பேசுங்கள். ரஷ்ய மொழியில் வளர்ந்து அமெரிக்காவில் குடியேறியவர்களிடம் 2000இல் செய்த ஆய்வொன்று, ரஷ்ய மொழியில் கேட்டால் ரஷ்ய மொழிக் காலத்து நினைவுகளே கூடுதலாக எழுவதாகக் கண்டது. அந்தப் பின்னறையில் உங்கள் காதில் விழுந்த மொழி கன்னடமாகத்தான் இருந்திருக்கும். ஏதும் தோன்றாவிட்டாலும், உங்களை ஒளித்துவைத்தவர்களின் வாயால் அந்த இரவுகளைக் கேட்பது தனிப் பேறு. அம்மாவை வற்புறுத்த வேண்டாம்.

அச்சத்துக்குச் சிகிச்சை தனி. ஊதுபத்திப் புகையிலிருந்து தொடங்கி, பயிற்சி பெற்ற உளவியலாளரின் துணையோடு, படிப்படியாகப் பழகும் முறை இதற்கு நன்கு பலனளிக்கிறது. அதில் பழைய நினைவு எதையும் தோண்டுவதில்லை. ஓசூர் சாலையில் உள்ள நிம்ஹான்ஸ் மனநல மருத்துவமனையின் புறநோயாளிப் பிரிவுக்குச் செல்லலாம். முதலில் பேசிப் பார்க்க விரும்பினால், டெலி மானஸ் என்ற அரசு உதவி எண் 14416, தமிழிலும் பேசுவார்கள்.

கேள்வி: தாத்தாவின் இறுதி ஊர்வலத்தில், அப்பாவின் தோளில் இருந்தபடி பறையொலி கேட்டது எனக்குத் தெளிவாக நினைவிருக்கிறது. அப்போது நான் பிறந்து பதினொரு மாதம்தான் என்றும், என்னைத் தருமபுரிக்கே தூக்கிப் போகவில்லை என்றும் அம்மா சொல்கிறார். நான் பொய் சொல்கிறேனா?
– வாசகர், ஹலசூர்

பதில்: இல்லை. குழந்தை உளவியலின் பெருமேதை ழான் பியாஜே, இரண்டு வயதில் பாரிஸ் நகரில் தம்மைத் தள்ளுவண்டியிலிருந்து ஒருவன் கடத்த முயன்றதையும், தாதி போராடித் தடுத்ததையும், அவர் முகத்தில் விழுந்த கீறல்களையும் வளர்ந்த பின்பும் கண்ணால் கண்டதுபோல் நினைவில் வைத்திருந்தார். அவருக்குப் பதினைந்து வயதானபோது அந்தத் தாதி, அது முழுதும் தாம் கட்டிய கதை என்று கடிதம் எழுதி, பரிசாகப் பெற்ற கடிகாரத்தையும் திருப்பி அனுப்பினார். வீட்டார் திரும்பத் திரும்பச் சொன்ன கதை அவருக்குள் காட்சியாகிவிட்டிருந்தது. உங்கள் பறையொலியும் பின்னாளில் கண்ட வேறொரு ஊர்வலத்திலிருந்து வந்து சேர்ந்திருக்கலாம். தாத்தாவின் மீது உங்களுக்குள்ள பிரியம் அதனால் பொய்யாகிவிடாது.

கேள்வி: என் மகளுக்கு ஏழு வயது நிறைந்த நாளிலிருந்து, அதே வயதில் உறவினர் ஒருவர் என்னிடம் தகாத முறையில் நடந்தது நினைவுக்கு வருகிறது. இத்தனை ஆண்டுகள் நான் அதை எண்ணியதே இல்லை. யாரும் என்னிடம் எதுவும் கேட்கவில்லை, தானாக வந்தது. இது உண்மையா, கற்பனையா? அவர் இன்றும் எங்கள் வீட்டுக்கு வந்துபோகிறார்.
– வாசகி, கே.ஆர். புரம்

பதில்: முதல் கேள்விக்கு நான் எழுதியதைப் படித்துவிட்டு, உங்கள் நினைவையும் நான் ஐயுறுவேன் என்று தயவுசெய்து எண்ணிவிடாதீர்கள். இரண்டும் வேறு. ஏழு வயது என்பது நினைவு நிலைக்கும் வயது. அந்த வயதில் பொருள் புரியாமல் கடந்த ஒன்று, மகளை அதே வயதில் காணும்போது பொருளோடு திரும்பி வருவது இயல்பே. 2007இல் வெளியான ஓர் ஆய்வில், சிகிச்சைக்கு வெளியே தாமாக நினைவுக்கு வந்தவற்றுக்கு, என்றும் மறக்காத நினைவுகளுக்கு நெருக்கமான அளவில் வெளிச்சான்று கிடைத்தது. சிகிச்சையின் தூண்டுதலால் எழுந்தவற்றில் ஒன்றுக்கும் கிடைக்கவில்லை. சிறு வயதில் பாலியல் வன்முறைக்கு உள்ளாகி மருத்துவமனையில் பதிவானவர்களுள் 129 பெண்களை 17 ஆண்டுகளுக்குப் பின் அமெரிக்காவில் லிண்டா வில்லியம்ஸ் சந்தித்தபோது, 38 விழுக்காட்டினர் அந்த நிகழ்வைச் சொல்லவில்லை. மறந்தவர்கள் எத்தனை பேர், சொல்ல மனமில்லாதவர்கள் எத்தனை பேர் என்று பிரிப்பது கடினம். ஆயினும் இவ்வளவு காலம் எண்ணாமல் இருந்ததை வைத்து உங்கள் நினைவு பொய் என்று யாரும் சொல்லிவிட முடியாது.

உங்கள் நினைவின் ஒவ்வொரு விவரமும் சரியா என்று நான் இங்கிருந்து உறுதி கூற இயலாது. அந்த உறுதிக்காக நீங்கள் காத்திருக்கவும் வேண்டாம். நினைவுக்கு வந்த அளவில் எழுதிவையுங்கள்; விட்டுப்போன இடங்களை ஊகத்தால் நிரப்பாதீர்கள். யாரும் உங்களைத் தூண்டிக் கேட்க விடாதீர்கள். நம்பிக்கையான ஒருவரிடம், முடிந்தால் மனநல மருத்துவரிடம், சொல்லுங்கள். புகார் கொடுப்பதா என்பதை வழக்கறிஞர் ஒருவரோடு கலந்து பிறகு நிதானமாக முடிவு செய்யலாம்.

ஒன்றை மட்டும் இன்றே செய்யுங்கள். அந்த உறவினருடன் உங்கள் மகள் தனியே இருக்கும் சூழல் ஒரு நிமிடமும் அமையாமல் பார்த்துக்கொள்ளுங்கள். அதற்குக் கணவரிடமோ மாமியாரிடமோ காரணம் நிறுவ வேண்டிய கட்டாயம் உங்களுக்கு இல்லை. மகளிடம் எதையும் துருவிக் கேட்காமல், யார் தொட்டாலும் பிடிக்கவில்லையென்றால் அம்மாவிடம் சொல்லலாம், அம்மா திட்டமாட்டேன் என்று மட்டும் சொல்லிவையுங்கள். அவளாக ஏதேனும் சொன்னால் குறுக்கிடாமல் கேட்டு, அவள் சொன்ன சொற்களிலேயே எழுதிக்கொண்டு, 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணை அழையுங்கள்.